கிளிநொச்சிக் களஞ்சியத்திலே சிவயோக சுவாமிகள்

சைவப் பாடசாலைகளிலும் அறநெறிப் பாடசாலைகளிலும் மாணாக்கருக்கு நற்போதனை செய்துவரும் ஆசிரியப் பெருமக்கள், யாம் காணுந்தோறும் எம்மிடம் ஒரு குறையைக் கூறுவது வழக்கம். காலம் மாறிவிட்டது, பிள்ளைகளின் மனம் ஓரிடத்தில் நிற்கவில்லை, யந்திரமும் வியாபாரமும் மலிந்த இவ்வுலகிலே சமயத்துக்கு இடமில்லை, முன்னோர் வாழ்ந்த அமைதியான நாட்களிலே தெய்வ வழிபாடு எளிதாயிருந்தது, இப்பொழுது அஃது அரிதாயிற்று, என்பதே அக்குறையாம். வன்னிப் பகுதியிற் கடமையாற்றும் இளம் ஆசிரியர் சிலர் இதனோடு மற்றொன்றையுஞ் சேர்த்துக் கூறுவர். தாம் வீட்டையும் கோயிலையும் விட்டுத் தூரதேசம் வந்துவிட்டனராம். இடமாற்றம் கிடைக்கும் நாளை எண்ணிக்கொண்டே காலங் கழிக்கின்றனராம்.

இவ்விரு குறைகளையும் கேட்டபொழுது எமது சிந்தையில் எழுந்தது ஒரு பெரியாருடைய சரித்திரம். அவர் பெயரை அறியாத சைவர் ஈழநாட்டில் இலர். நல்லூரையும் கொழும்புத்துறையையும் அவர் பெயரோடு சேர்த்து நினைப்போர் பலர். ஆனால், அவர் தமது இளமையின் சிறந்த பகுதியைக் கழித்தது கிளிநொச்சியில் என்பதையும், அங்கே அவர் இருந்தது ஆச்சிரமத்திலன்று, அரசாங்கத்து நீர்ப்பாசன வேலைக் களஞ்சியத்தில் என்பதையும் ஆய்ந்து சிந்திப்போர் சிலரே. அவரே சிவயோக சுவாமிகள். அவர் சரித்திரத்தை அந்தக் களஞ்சியத்தை நடுவாக வைத்து ஈண்டு எழுதப் புகுகின்றோம்.

சுவாமிகள் 1872ஆம் ஆண்டு மே மாதம் 29ஆம் திகதி, வைகாசி அவிட்ட நாளிலே, மாவிட்டபுரத்தில் அவதரித்தார். தந்தையார் அம்பலவாணர், தாயார் சின்னாச்சி அம்மையார். பிள்ளைக்கு இட்ட பெயர் சதாசிவன். பின்னாளில் யோகநாதன் என்னும் பெயர் நிலைத்தது. பத்து வயது நிரம்புமுன்னரே தாயை இழந்தமையால், கொழும்புத்துறையிலுள்ள உறவினர் வீட்டிலே, மாமியாராகிய முத்துப்பிள்ளை அம்மையாரின் அரவணைப்பில் வளர்ந்தார். அக்குடும்பத்திலே கத்தோலிக்க சமயத்தைத் தழுவிய சிறிய தந்தையார் ஒருவரும் இருந்தார். பிள்ளை ஆங்கிலங் கற்கும்பொருட்டுச் சேர்க்கப்பட்டதும் யாழ்ப்பாணத்துச் சம்பத்திரிசியார் கல்லூரியிலேயே.

இஃது அக்காலத்தில் எங்கும் நிகழ்ந்த காரியம். ஆறுமுக நாவலர் 1879ஆம் ஆண்டிலே சிவபதமடைந்தபொழுது எமது சரித்திர நாயகர் ஏழு வயதுச் சிறுவர். நாவலர் விதைத்தது முளைத்திருந்ததேயன்றி, நிழல் தரும் மரமாகவில்லை. ஆங்கிலம் வேண்டுமாயின் பிறசமயத்தார் வாயிலுக்குச் செல்ல வேண்டும். உத்தியோகம் வேண்டுமாயின் ஆங்கிலம் வேண்டும். வீட்டிலே ஒரு சமயம், கல்லூரியிலே ஒரு சமயம், உத்தியோகத்திலே ஒரு பாஷை, கோயிலிலே மற்றொரு பாஷை என்று யாழ்ப்பாணத்து இளைஞருள்ளம் பிளவுபட்டு நின்ற காலம் அது. இக்காலத்துப் பிள்ளைகளுக்கு மட்டுமே மனம் சிதறுகின்றதென்று எண்ணுவோர் இதனை நினைவுகூர்வாராக.

கல்லூரிப் படிப்பு முடிந்தபின் யோகநாதர் சிலகாலம் மலைநாட்டிலே, மஸ்கெலியாவில், தந்தையார் நடத்திய கடையில் அவருக்கு உதவியாயிருந்தார். தேயிலைத் தோட்டங்கள் காடழித்துப் பெருகிய நாட்கள் அவை. தென்னிந்தியாவிலிருந்து வந்த தொழிலாளர் அத்தோட்டங்களிலே கூலி வேலை செய்து வருந்தினர். அவ்வுலகத்தை இளமையிலே கண்ணாரக் கண்டவர் சுவாமிகள் என்பது மனங்கொள்ளத் தக்கது. இதனைப் பின்னர் மீண்டும் எடுத்துரைப்போம்.

1897ஆம் ஆண்டு ஜனவரி மாதத்திலே சுவாமி விவேகானந்தர் மேனாட்டிலிருந்து திரும்பும் வழியில் யாழ்ப்பாணத்துக்கு வந்தார். இந்துக் கல்லூரியிலே அவர் ஆற்றிய பிரசங்கம் அக்கால இளைஞர் பலரைத் தட்டியெழுப்பியது. ஆங்கிலம் கற்றவன் தன் சமயத்தை நாணத்தோடு மறைக்க வேண்டியதில்லை என்பதை அவர் வாழ்ந்து காட்டினார். அவரைக் கண்டு கேட்டோருள் யோகநாதரும் ஒருவர். அவர் உள்ளத்திலே முன்னரே எரிந்த சிறு தீபத்துக்கு அது நெய் வார்த்ததென்றே கருதுகின்றோம்.

இனிக் கிளிநொச்சிக்கு வருவோம். இக்காலத்தில் யாழ்ப்பாண வீதியிற் செல்வோர் கண்முன் தோன்றும் கடைவீதியையும் வயல்வெளிகளையும் மறந்துவிட்டு, ஒரு நூற்றாண்டுக்கு முற்பட்ட நிலையை மனத்தில் அமைத்துக்கொள்ள வேண்டும். அடர்ந்த காடு, இடையிடையே சிற்றூர்கள், யானையும் கரடியும் உலாவும் வழிகள், மழைக்காலந் தொடர்ந்தால் மலேரியாக் காய்ச்சல். தென்திசையிலிருந்து வரும் கனகராயன் ஆறு மாரியிலே பெருகி வீணே கடனீரிற் கலந்தது. பண்டைக்காலத்தார் கட்டிய குளங்கள் பல உடைப்பெடுத்துக் காடாகிக் கிடந்தன. அவ்வாற்றை மறித்து ஒரு பெருங்குளம் அமைத்தால் பல்லாயிரம் ஏக்கர் நிலம் விளையுமென்று கண்டு, 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலே பார்க்கர் என்னும் பொறியியலாளர் திட்டம் வகுத்தார். 1900ஆம் ஆண்டிலே நீர்ப்பாசனத்துக்கெனத் தனித் திணைக்களம் இலங்கையில் நிறுவப்பட்டது. இரணைமடுக் குளத்தின் அணைவேலை 1902ஆம் ஆண்டிலே தொடங்கி, 1920ஆம் ஆண்டளவில் நிறைவெய்தியது. இந்நூற்றாண்டுகளிலே வன்னி கண்ட மாறுதல்களுள் தலையாயது இதுவே. காடு வயலாவதற்கும், தனிவழி ஊராவதற்கும், ஊர் நகராவதற்கும் வித்து அந்த அணையே.

நூற்றாண்டு மாறும் அக்காலப் பகுதியிலே, கிளிநொச்சி நீர்ப்பாசன வேலைப் பகுதியிற் களஞ்சியப் பொறுப்பாளராக யோகநாதர் உத்தியோகம் ஏற்றார். மேலதிகாரியாயிருந்தவர் பிறவுண் துரை என்னும் ஆங்கிலப் பொறியியலாளர். களஞ்சியமென்பது யாது? மண்வெட்டியும், அலவாங்கும், கூடையும், கயிறும், இரும்பும் வந்து குவியுமிடம். காலையிற் கொடுத்ததை மாலையில் எண்ணி வாங்கவேண்டும். வந்ததும் போனதும் ஏட்டிற் பதியவேண்டும். ஓர் ஆணி குறைந்தாலும் விடை சொல்லவேண்டும். கண்காணிப்பு அரிதான காட்டிலே, பிறர் பொருள் கைவசமிருக்கும் ஒருவனுக்கு வரும் சோதனை சிறிதன்று. யோகநாதரின் நேர்மையை அத்துரை நன்கு மதித்தார். அவரோடு பழகியதால் யோகநாதருடைய ஆங்கில அறிவும் பெருகியது.

பகலிலே கணக்கு, இரவிலே தியானம். இதுவே கிளிநொச்சியில் அவருடைய வாழ்வு. விவாகத்தை அவர் நாடவில்லை. உணவிலும் உடையிலும் எளிமையே பேணினார். சில இரவுகளில் உறக்கமின்றி விடியுமட்டும் இருந்த இருக்கையிலேயே இருந்தாரென்பர். மறுநாட் காலையிலே களஞ்சியக் கதவு உரிய நேரத்துக்குத் திறந்தது.

இவ்விடத்திற் சற்று நின்று சிந்திப்போம். தவஞ் செய்வோர் காட்டுக்குச் செல்வர் என்பது நம் வழக்கு. யோகநாதரும் காட்டுக்குத்தான் சென்றார். ஆனால், அக்காடு அழிந்துகொண்டிருந்த காடு. புதிய உலகம் மண்வெட்டியோடும் அளவுகோலோடும் வந்திறங்கிய காடு. அங்கே அவர் புதுமைக்கு முதுகு காட்டி ஒரு மூலையில் ஒதுங்கினாரல்லர். அப்புதுமையின் பண்டங்களையே எண்ணிக் கணக்கு வைத்தார். கணக்கிலே பிசகாதிருத்தலும், தியானத்திலே மனம் பிசகாதிருத்தலும் ஒரே பயிற்சியின் இரு கூறுகள் என்பது எமது துணிபு. பொய்க் கணக்கு எழுதும் கை நெற்றியில் திருநீறு பூசினும், உள்ளம் ஒருமுகப்படுமோ? படாது. பல்லாண்டு களஞ்சியத்தை வழுவின்றிக் காத்தவருக்கே, ஞானக் களஞ்சியத்தின் திறவுகோல் பின்னர்க் கையளிக்கப்பட்டது.

கிளிநொச்சிக்கும் யாழ்ப்பாணத்துக்கும் இடையே ஏறக்குறைய 40 மைல். முன்னர் மாட்டுவண்டியும் கால்நடையுமே கதி. 1905ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதத்தில் வடபகுதிப் புகையிரதப் பாதை முற்றுப்பெற்று, யாழ்ப்பாணம் கொழும்போடு இணைந்தது. அப்பாதை கிளிநொச்சியூடாகவே சென்றது. அந்த 1905ஆம் ஆண்டளவிலேதான் நல்லூர்த் தேரடியிலே யோகநாதர் தம் குருநாதராகிய செல்லப்பா சுவாமிகளைக் கண்டார். உலகத்தார் கண்ணுக்கு அவர் பித்தர். கந்தைத் துணியும், தமக்குத் தாமே பேசும் பேச்சும், நெருங்குவோரை விரட்டும் ஏச்சும் உடையவர். அவரும் ஒருகாலத்தில் யாழ்ப்பாணக் கச்சேரியில் உத்தியோகம் பார்த்தவரே. யோகநாதர் அப்பித்தரிடத்தே மெய்ப்பொருளைக் கண்டு ஆட்பட்டார். அதன்பின் ஓய்வு நாட்களிலெல்லாம் கிளிநொச்சியிலிருந்து நல்லூருக்கு ஓடுவதும், கடமை நாளுக்குத் தவறாமல் மீளுவதுமாக ஆண்டுகள் சென்றன. புதிதாய் வந்த இருப்புப்பாதை பலரை வியாபாரத்துக்கும் வழக்குக்கும் கொண்டுசென்றது. அதே பாதை ஒருவருக்குக் குருவின் திருவடிக்கு வழியாயிற்று. பாதை ஒன்றே, செல்வோன் உள்ளம் எங்கே நாடுகின்றது என்பதே வேற்றுமை.

1910ஆம் ஆண்டளவில் அவர் உத்தியோகத்தைத் துறந்தார். பொறுப்பைப் போட்டது போட்டபடி விட்டாரல்லர். உறவினர் ஒருவர் அப்பதவியை ஏற்கும்படி ஒழுங்குசெய்துவிட்டே நீங்கினார். பின்னர் ஈழத்தின் கீழ்கரை வழியாகக் கதிர்காமத்துக்குக் கால்நடையாக யாத்திரை சென்று மீண்டார். அதன்பின் கொழும்புத்துறைச் சந்தியிலே ஓர் இலுப்பை மரத்தடியே அவருக்கு வீடாயிற்று. மழையும் வெயிலும் பொருட்படுத்தாது அங்கே ஆண்டுகள் சில கழித்தார். அன்பர்களின் வேண்டுகோளால் அருகே அமைந்த ஒரு கொட்டிலிலே குடிபுகுந்தார். ஏறக்குறைய அரை நூற்றாண்டு அக்கொட்டிலே அவருடைய திருமடமாய் விளங்கிற்று.

இங்கே ஆசிரியர்கள் எம்மை மறித்து ஒரு கேள்வி கேட்டல் கூடும். உத்தியோகத்திலே சிவத்தைக் காணலாம் என்று யாம் கூறுகின்றோம். சுவாமிகளோ முடிவில் உத்தியோகத்தை விட்டாரன்றோ? எனின், அவர் தம்மிடம் வந்தாரை என் செய்தார் என்பதைக் காண்க. கொழும்புத்துறைக் கொட்டிலுக்கு நீதிபதிகள் வந்தனர், வைத்தியர்கள் வந்தனர், அரசாங்க சபையின் சபாநாயகராயிருந்த சேர் வைத்திலிங்கம் துரைசுவாமி போன்ற பெருந்தலைவர்கள் வந்தனர், எழுதுவினைஞரும், ஆசிரியரும், கமக்காரரும், மாணாக்கரும் வந்தனர். இவர்களுள் மிகப் பெரும்பாலோரைச் சுவாமிகள் துறவு பூணச் செய்யவில்லை. அவரவர் வீட்டுக்கும் அவரவர் கடமைக்குமே திருப்பி அனுப்பினார். செய்யும் தொழிலைச் சிவதொண்டாகச் செய்க என்பதே அவருபதேசத்தின் சாரம். தாம் விட்டது தமக்கு விதித்த வழி. பிறருக்கு விதித்த வழி பிறருக்கு. தாம் துறந்ததை மற்றெல்லாரும் துறக்கவேண்டும் என்று கூறுதல் குருவின் இலக்கணமன்று. களஞ்சியத்திற் பல்லாண்டு இருந்தவராதலின், கடமை செய்வோனுடைய சுமையும் சோதனையும் அவருக்கு நூலறிவாலன்றி அனுபவத்தாலேயே தெரிந்திருந்தன.

மற்றொன்றுங் காண்க. அக்கொட்டிலின் வாயிலிலே சாதி கேட்பாரில்லை, சமயங் கேட்பாரில்லை. சைவரோடு கிறிஸ்தவரும், இஸ்லாமியரும், சிங்கள மக்களும், ஐரோப்பியரும் அங்கே வந்திருந்தனர். இலங்கைக்கு அரசியலமைப்பு வகுக்க 1944ஆம் ஆண்டிலே வந்த ஆணைக்குழுவின் தலைவர் சோல்பரிப் பிரபு. அவருடைய புதல்வரே பின்னர்ச் சுவாமிகளுக்கு ஆட்பட்டுச் சாந்தசுவாமி என்னும் பெயரோடு வாழ்ந்தார்.

அந்நாட்களிலே வெளியே நிகழ்ந்தவற்றோடு இதனை ஒப்பிடுதல் வேண்டும். 1930ஆம் ஆண்டளவில், உதவிநன்கொடை பெறும் பாடசாலைகளிலே எல்லாச் சாதிப் பிள்ளைகளும் சமமாக ஆசனத்தில் இருத்தல் வேண்டுமென்று அரசாங்கம் விதித்தபொழுது, யாழ்ப்பாணத்திலே சைவரென்று தம்மைக் கூறிக்கொண்டோர் பலர் அதனை எதிர்த்து நின்றனர். பாடசாலைக் கொட்டகைகள் சில தீக்கிரையாயின. 1968ஆம் ஆண்டிலே, சுவாமிகள் பிறந்த மாவிட்டபுரத்துக் கந்தசுவாமி கோயிலின் வாயிலிலேயே, உட்சென்று வழிபட உரிமை வேண்டி ஒடுக்கப்பட்ட மக்கள் சத்தியாக்கிரகம் இருக்க நேர்ந்தது. இவற்றைச் சைவர் மறைத்தலாகாது. மாறுதல் வருங்கால் எதைக் காக்கவேண்டும், எதை விடவேண்டும் என்பதிலே நம்மவர் தவறினர். காக்கவேண்டிய அன்பை விட்டு, விடவேண்டிய இறுமாப்பைக் காத்தனர். அதே காலத்திலே ஓலைக் கொட்டிலொன்றிலே, கூட்டமும் கூச்சலுமின்றி, உண்மைச் சைவம் எல்லோரையும் ஒரே பாயில் இருத்தியிருந்தது.

புதிய கருவிகளையும் சுவாமிகள் வெறுத்தாரல்லர். 1935ஆம் ஆண்டிலே சிவதொண்டன் என்னும் மாதப் பத்திரிகை அவருடைய ஆசியோடு வெளிவரத் தொடங்கிற்று. அவ்வப்போது அவர் திருவாயினின்று வெளிப்பட்ட பாடல்களும் போதனைகளும் அன்பர்களால் எழுதிவைக்கப்பட்டு, நற்சிந்தனை என்னும் பெயரோடு அச்சேறின. மோட்டார் வண்டியிலே ஏறி அன்பர் இல்லங்களுக்குச் சென்றார். புகையிரதத்திலே கொழும்புக்கும் மலைநாட்டுக்கும் சென்றார். 1940ஆம் ஆண்டிலே காசி யாத்திரையும் செய்தார். 1953ஆம் ஆண்டிலே யாழ்ப்பாணத்திற் சிவதொண்டன் நிலையம் அமைந்தது. ஆரவாரமற்ற தியானமும், புராண படனமும், மௌனமும் அதன் ஒழுங்குகள். தம்மைப் போற்றி விழாவெடுப்பதை அவர் விரும்பியதில்லை.

அவர் வாழ்நாளிலே நாடு கண்ட மாறுதல்கள் எண்ணில. 1931ஆம் ஆண்டிலே ஆண் பெண் இருபாலார்க்கும் வாக்குரிமை வந்தது. 1945ஆம் ஆண்டிலே இலவசக் கல்வி வந்தது. 1948ஆம் ஆண்டிலே சுதந்திரம் வந்தது. 1956ஆம் ஆண்டிலே தனிச் சிங்களச் சட்டமும் வந்தது. 1960ஆம் 1961ஆம் ஆண்டுகளின் சட்டங்களாலே, நாவலர் வழிவந்தோரும், 1923ஆம் ஆண்டில் உதித்த சைவ வித்தியா விருத்திச் சங்கத்தாரும் பிடியரிசி சேர்த்தும் பொருள் இரந்தும் வளர்த்த சைவப் பாடசாலைகள் அரசாங்கத்தின் வசமாயின. சைவத்துக்கு இனி யார் துணை என்று அன்று கலங்கினோர் பலர். கட்டடமும் முகாமையும் கைமாறலாம். வகுப்பறையில் நிற்கும் ஆசிரியருடைய உள்ளத்தை எந்தச் சட்டம் கைமாற்ற வல்லது? உத்தியோகத்தைச் சிவதொண்டாக்கும் நெறியைச் சுவாமிகள் வற்புறுத்தியதன் அருமை அப்பொழுதுதான் விளங்கலாயிற்று. முகாமையாளர் சைவராயிருப்பதைக் காட்டிலும், ஆசிரியர் சைவராய் வாழ்தலே பிள்ளைகளுக்குப் பயன் தருவது.

1961ஆம் ஆண்டிலே சுவாமிகள், தாம் அன்போடு பேணிய வள்ளி என்னும் பசுவின் அருகே விழுந்து இடுப்பெலும்பு முறிய, வைத்தியசாலையிலே பல மாதங்கள் தங்க நேர்ந்தது. நடந்து நடந்தே நாட்டைத் தொண்டு செய்த திருவடிகள் ஓய்ந்தன. தள்ளுவண்டியிலிருந்தே அன்பர்க்கு அருள்புரிந்தார். 1964ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்திலே, பங்குனி ஆயிலிய நாளில், தொண்ணூற்றோராம் வயதிற் சிவபதமடைந்தார்.

அவர் களஞ்சியங் காத்த கிளிநொச்சி பின் என்னாயிற்று? யாழ்ப்பாணத்தின் சனநெருக்கத்தையும் வேலையின்மையையும் குறைக்கும்பொருட்டு, 1936ஆம் ஆண்டிலே அங்கே குடியேற்றம் நிறுவப்பட்டது. பின்னர்க் கனகபுரம், உருத்திரபுரம், வட்டக்கச்சி முதலிய குடியேற்றங்கள் இரணைமடு நீரால் வளம்பெற்றன. 1958ஆம் ஆண்டிலும் 1977ஆம் ஆண்டிலும் எழுந்த இனக் கலவரங்களுக்குப்பின், மலைநாட்டுத் தோட்டங்களிலிருந்து உயிர் தப்பிவந்த குடும்பங்கள் பல வன்னியிலே அடைக்கலம் புகுந்தன. 1984ஆம் ஆண்டிலே கிளிநொச்சி தனி மாவட்டமாயிற்று. 1990ஆம் ஆண்டிலே புகையிரதம் நின்றது. 2008ஆம் ஆண்டின் இறுதியிலே ஊர் முழுதும் இடம்பெயர்ந்து வெறுமையாய்க் கிடந்தது. போர் 2009ஆம் ஆண்டு மே மாதத்தில் முடிந்தபின், எஞ்சியோர் மீண்டும் வந்து, இடிந்த சுவர்களின்மேற் கூரையிட்டு வாழத் தொடங்கினர். 2013ஆம் ஆண்டு செப்டெம்பரிலே புகையிரதம் மீண்டும் கிளிநொச்சிக்கு வந்தது.

ஆதலின், கிளிநொச்சியிலே ஓர் ஆசிரியர் முன் இருக்கும் வகுப்பை உற்று நோக்குக. குடாநாட்டிலிருந்து நிலந்தேடி வந்தோரின் பேரப்பிள்ளையும் அங்கே உண்டு. தலைமுறை தலைமுறையாக வன்னியிலேயே வாழ்ந்தோரின் பிள்ளையும் உண்டு. மஸ்கெலியா போன்ற மலைநாட்டு ஊர்களிலே தேயிலைக் கூடை சுமந்தோரின் வழிவந்த பிள்ளையும் உண்டு. தந்தையைப் போரிலே இழந்த பிள்ளையும் உண்டு. மலைநாட்டிலிருந்து வந்தோரை ஏனையோர் இரண்டாந்தரமாக எண்ணும் கொடுமை முற்றும் ஒழிந்துவிட்டதென்று நெஞ்சறியக் கூற எம்மால் இயலாது. மஸ்கெலியாக் கடையிலே அம்மக்களைக் கண்டு, கிளிநொச்சிக் களஞ்சியத்திலே தவஞ் செய்து, கொழும்புத்துறைக் கொட்டிலிலே எல்லோரையும் சமமாக இருத்திய ஒருவரைக் குருவென்று கும்பிடும் நாம், அவ்வகுப்பறையிலே பிள்ளைக்குப் பிள்ளை வேற்றுமை காட்டுவோமாயின், அக்கும்பீடு யாரைச் சேரும்?

வன்னி நியமனத்தைத் தண்டனையாக எண்ணும் இளம் ஆசிரியருக்கும் ஒரு வார்த்தை. உங்கள் வருத்தத்தை யாம் இகழவில்லை. முதிய பெற்றோரையும் சிறு குழந்தைகளையும் பிரிந்திருத்தல் துன்பமே. இடமாற்றம் வேண்டுதலும் குற்றமன்று. ஆனால், அது வருமட்டும் உள்ள நாட்கள் வீண் நாட்களல்ல. காடும் காய்ச்சலுமாயிருந்த அதே மண்ணிலே ஒருவர் எண்ணிக் கொடுத்து எண்ணி வாங்கிய நாட்களே அவரைச் சிவயோகராக்கின. உங்களிடத்திலும் ஒரு களஞ்சியம் ஒப்படைக்கப்பட்டிருக்கின்றது. காலையிற் பெற்றோர் கொடுத்ததை மாலையிலே குறைவின்றி, முடிந்தால் சிறிது நிறைவோடு, திருப்பிக் கொடுத்தல் உங்கள் கணக்கு. அதனைப் பார்வையிடும் மேலதிகாரி ஒருவர் உளர். அவர் வட்டாரக் கல்வி அதிகாரியல்லர்.

காலம் மாறிற்றென்று வருந்துவோமல்லோம். சுவாமிகள் காலமும் மாறிய காலமே. மாறாதிருந்தது அவர் கணக்கு ஒன்றே. பங்குனி ஆயிலியந்தோறும் அவருக்குத் தீபமேற்றும் ஆசிரியர்கள், மறுநாட் காலையிலே வகுப்பறைக் கதவை உரிய நேரத்துக்குத் திறப்பாராயின், அதுவே அவர் விரும்பும் பூசையாம்.

திருச்சிற்றம்பலம்.